நீரோடியும் சேறோடியும்

(எடப்பாடியில் தமிழன்பர் கூட்டமொன்றில் ஆற்றப்பெற்ற உரை)



எடப்பாடியில் நின்றுகொண்டு எகிப்து நாட்டைப் பற்றிப் பேசவேண்டிய தேவை என்ன என்று சிலர் எண்ணக்கூடும். தேவை உண்டு. இங்கிருந்து சில கல் தொலைவில் பூலாம்பட்டியில் காவிரி ஓடுகின்றது, அக்கரையில் நெருஞ்சிப்பேட்டை. ஆடிப் பதினெட்டாம் நாள் அத்துறையில் கூடும் பெண்டிரைப் பாருங்கள். முளைப்பாரியும் காதோலையும் கருகமணியும் கொண்டு, கலவைச் சோறு கட்டிக்கொண்டு, ஆற்றை வரவேற்க வருகின்றனர். எத்தகைய ஆற்றை? தெளிந்த நீரையா? அன்று. குடகு மலையில் மழை பெய்து, மண்ணைக் கரைத்துக்கொண்டு, நுரையும் சருகுமாய்ச் செந்நிறத்தில் கலங்கி வரும் புதுப்புனலைத்தான் அந்நாளில் தமிழன் தாயென்று தொழுதான். அந்தக் கலங்கலில் என்ன இருக்கின்றது என்பது அவனுக்குத் தெரியும்.

அதே பருவத்தில், ஐயாயிரம் ஆண்டுகளுக்கு முன், நைல் ஆற்றங்கரையில் எகிப்தியனும் அவ்வாறே தொழுதான். வெள்ளத்திற்கே 'ஆப்பி' என்று பெயரிட்டுக் கடவுளாக்கி வைத்திருந்தான். எத்தியோப்பிய மேட்டு நிலத்துக் கோடைமழை நீல நைல் என்னும் கிளையாற்றின் வழியே கருவண்டலைச் சுமந்து வந்தது. ஆனித் திங்களில் ஏறத் தொடங்கும் வெள்ளம் ஆவணியில் உச்சி கண்டு, ஐப்பசியில் வடிந்துவிடும். வானம் பொய்க்கும் நாடு என்பார்கள். எகிப்திலோ வானம் உழவனுக்கு ஏறக்குறைய எதுவுமே தருவதில்லை. ஆற்றின் இருபுறமும் வெள்ளம் தொட்ட அளவிற்கே நாடு. அதற்கு அப்பால் பாலை. ஆகவே அம்மக்கள் தம் நாட்டைக் 'கெமெத்து' என்றனர். கரியநிலம் என்பது பொருள். பாலையைத் 'தெசெரெத்து' என்றனர். செந்நிலம் என்பது பொருள். நாட்டின் பெயரையே மண்ணின் நிறத்தால் இட்ட மக்கள் அவர்கள். கரிசல், செம்மண், வண்டல், எக்கல், படுகை என்று மண்ணுக்கு மண் பெயரிட்டு வழங்கிய தமிழனுக்கு இது வியப்பன்று.

அவர்களுடைய ஆண்டும் ஆற்றையொட்டியே அமைந்தது. வெள்ளப் பருவம், முளைப் பருவம், அறுவடைப் பருவம் என மூன்றே பருவங்கள். பருவத்திற்கு நான்கு திங்கள். திங்களுக்கு முப்பது நாள். எஞ்சிய ஐந்து நாளை ஆண்டிறுதியில் தனியே வைத்தனர்.

அவர்களின் உழவு முறையைச் சற்று விரித்துச் சொல்லவேண்டும். இவ்வுரையின் கருவே அதில்தான் இருக்கின்றது. ஆற்றங்கரைச் சமநிலத்தைக் குறுக்கும் நெடுக்குமாக மண்கரைகளால் தடுத்துப் பெரும் பெரும் பாத்திகளாகப் பிரித்தனர். ஒவ்வொரு பாத்தியும் ஒரு சிற்றூரின் வயற்பரப்பு அளவு இருக்கும். வெள்ளம் ஏறும்போது கால்வாய் வழியே அதனுள் நீரை விட்டு, வாயை அடைத்துவிடுவர். நாற்பது ஐம்பது நாள் நீர் அங்கேயே நிற்கும். அது நிற்கையில் மூன்று வேலைகள் நடக்கின்றன: மண் ஈரத்தை ஆழமாகக் குடிக்கின்றது, வண்டல் மெல்லப் படிகின்றது, மண்ணில் ஏறியிருந்த உப்பு கரைந்து கீழிறங்குகின்றது. பின்பு கரையை வெட்டி நீரை அடுத்த பாத்திக்கோ ஆற்றுக்கோ விடுவர். சேற்றில் விதையைத் தூவி, ஆட்டு மந்தையை ஓட்டி மிதிக்கச் செய்வர். அதன்பின் அறுவடைவரை பெரும்பாலும் நீர் பாய்ச்சுவதே இல்லை. நிலம் குடித்து வைத்த ஈரத்திலேயே பயிர் விளைந்துவிடும். எருவும் இல்லை, வேண்டியதும் இல்லை. ஏறத்தாழ ஐயாயிரம் ஆண்டுகள் ஒரே நிலத்தில் உழுதும் அந்நிலம் மெலியவில்லை என்பதை எண்ணிப் பாருங்கள். உலகில் வேறெந்த நிலத்துக்கு அப்படி ஒரு வரலாறு உண்டு?

விளைந்தவை, எம்மர் என்னும் பழங்கோதுமை, வாற்கோதுமை, ஆளி, பயறுவகை, வெங்காயம், பூண்டு. கோதுமையால் அப்பம், வாற்கோதுமையால் கள். ஆளியின் நாரால் ஆடை. இறந்தோர் உடலைச் சுற்றிய துணியும் அந்நாரால் நெய்ததே. (எடப்பாடி நெசவாளர்கள் அறியவேண்டிய செய்தி ஒன்று உண்டு: இன்று உலகச் சந்தையில் பெயர் பெற்ற எகிப்தியப் பருத்தி அந்நாட்டின் தொல்பயிர் அன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டில்தான் அது அங்கே பெருக்கப்பட்டது.) ஆற்றுச் சேற்றோடு வைக்கோலைப் பிசைந்து கல் அறுத்து வீடு கட்டினர். கூர்நுனிக் கோபுரங்களைப் பார்த்துவிட்டு எகிப்தியன் கல்வீட்டில் வாழ்ந்தான் என்று நினைப்பவர்கள் பலர். அரசனின் அரண்மனைகூட மண்கல்லால் ஆனதே. கல், இறந்தவர்க்கும் கடவுளர்க்கும்! சதுப்பில் வளர்ந்த பாப்பிரசு என்னும் கோரையின் தாளைக் கொண்டு எழுதுவதற்கு ஏடு செய்தனர். கயிறு, பாய், செருப்பு, ஓடம் எல்லாம் அதிலிருந்தே. அடிக்கிழங்கை உணவாகவும் கொண்டனர். ஒரு பொருளின் எந்தப் பகுதியையும் வீணாக்காத வாழ்க்கை அது. பனையின் வேர் முதல் குருத்து வரை பயன்கொண்ட தமிழனுக்கு இதை விளக்க வேண்டுவதில்லை.

வெள்ளத்தை அவர்கள் அளந்தனர். எலிபந்தைன் என்னும் ஆற்றிடைத் தீவில் படிக்கட்டுச் சுவரில் முழக்கணக்குக் குறித்து, ஆண்டுதோறும் நீர் எந்தப் படிவரை ஏறியது என்று பார்த்தனர். அதைக் கொண்டு விளைச்சலை மதித்து இறை விதித்தனர். பன்னிரண்டு முழம் ஏறினால் பசி, பதினாறு முழம் ஏறினால் மகிழ்ச்சி என்னும் கணக்கைப் பிற்காலத்து உரோமானிய அறிஞர் பிளினி குறித்துவைத்துள்ளார். அதற்கு மேற்பட்டால் கரை உடைந்து ஊர் அழியும். மிகையும் தீது, குறையும் தீது. கி.மு. 2200 ஐ ஒட்டி வெள்ளம் தொடர்ந்து குறைந்த காலத்தில், கோபுரங்களைக் கட்டிய அப்பேரரசே ஆட்டங்கண்டது. அங்கித்திபி என்னும் குறுநிலத் தலைவனின் கல்லறை எழுத்து அக்காலத்துக் கொடும்பசியை இன்றும் பேசுகின்றது.

இனி, கருவிகளைப் பார்ப்போம். தீபசு நகர்க் கல்லறைச் சுவரோவியங்களில் உழவன் ஈரெருது பூட்டி ஏர் உழுகின்றான், எருதுகளைக் களத்தில் சுற்றவிட்டுச் சூடடிக்கின்றான், காற்றில் தூற்றுகின்றான். முடிச்சிட்ட கயிற்றால் நிலம் அளக்கின்றனர். கொங்குநாட்டுக் களத்துமேட்டில் ஐம்பது ஆண்டுக்கு முன் கண்ட காட்சிக்கும் அதற்கும் வேற்றுமை மிகக் குறைவு. தோட்டப் பயிருக்கு நீர் இறைக்க அவர்கள் கையாண்டது, ஒரு முனையில் களிமண் பாரமும் மறுமுனையில் தோண்டியும் கட்டிய நெடுங்கழி. பார்த்தவுடன் 'ஏற்றம்' என்று தமிழ்க் குழந்தையும் சொல்லிவிடும்.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்லவேண்டும். இத்தகைய ஒப்புமைகளைக் கண்டவுடனே எகிப்தியர் தமிழரே என்று மேடையில் முழங்கிவிடுகின்ற அன்பர்கள் உண்டு. சான்றில்லாத பெருமை தமிழுக்கு அணியாகாது. பகைவன் கையில் கொடுக்கும் கழியாகும். ஒரேவகைத் தேவை ஒரேவகைக் கருவியை ஈரிடத்தில் தோற்றுவிக்கலாம். உண்மையாகவே கிடைத்துள்ள சான்றுகள் போதாவா? கி.மு. 1213 இல் இறந்த இரண்டாம் இராமசேசு என்னும் பேரரசனின் பாடம்செய்த உடலில், மூக்குத்துளையில் மிளகு வைக்கப்பட்டிருந்தது. மிளகு விளைந்தது பிற்காலத்தில் சேரநாடு எனப் பெயர்பெற்ற மேற்கு மலைச்சாரலில். செங்கடற்கரைப் பெரனிகேத் துறையில், ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுக்கு முற்பட்ட பெரிய தாழி ஒன்றில் ஏழரைக் கிலோ மிளகு அப்படியே கிடைத்தது. அதே கரையில் குசைர் அல் கதீம் என்னுமிடத்தில் கிடைத்த பானை ஓட்டில் பழந்தமிழ் எழுத்தில் 'பானை ஒறி' என்று எழுதியிருந்தது. பானை தாங்கும் உறியைத்தான் அது குறிக்கின்றது என்பர் கல்வெட்டறிஞர் ஐராவதம் மகாதேவன். தமிழ் வணிகன் ஒருவன் தன் உறிக்கும் பானைக்கும் தாய்மொழியில் பெயர் எழுதிக்கொண்டு அந்நாட்டில் இருந்திருக்கின்றான். இது போதும்.

அணை கட்டும் கலைக்கு வருவோம். எகிப்தியர் கி.மு. 2600 அளவில் கெய்ரோவுக்குத் தெற்கே ஒரு காட்டாற்றின் குறுக்கே பேரணை ஒன்று கட்டினர். உயரம் 14 மீட்டர். இருபுறமும் கற்சுவர், நடுவே மண்ணும் சரளையும். கட்டி முடியுமுன்னே வெள்ளம் வந்து நடுவைப் பிளந்துகொண்டு போய்விட்டது. அதன் இருகைகளும் இன்றும் நிற்கின்றன. கோபுரம் கட்டத் தெரிந்தவர்க்கு அந்த வெள்ளத்தைத் தடுக்கத் தெரியவில்லை. தடுக்க எண்ணியதே பிழை. கரிகாலன் கட்டியதாக வழங்கும் கல்லணையோ வேறொரு கருத்தில் எழுந்தது. நீளம் 329 மீட்டர், அகலம் 20 மீட்டர், உயரம் ஐந்தரை மீட்டருக்குச் சற்றுக் குறைவு. அது நீரைத் தேக்கவில்லை, திருப்பியது. தாழ்ந்த கொள்ளிடத்தில் விழவிருந்த காவிரியைக் கழனிப்பக்கம் திருப்பிவிட்டு, மிகைவெள்ளத்தைத் தன் தலைமேல் ஓடவிட்டுவிட்டது. வண்டலும் நீரோடு சேர்ந்து வயலுக்கே சென்றது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆர்தர் காட்டன் என்னும் ஆங்கிலப் பொறியாளர் அதை ஆராய்ந்து, அடியற்ற ஆற்றுமணலில் கல்லின்மேல் கல்லாக அமிழ்த்தி அடித்தளம் காணும் முறையைக் கற்று, அவ்வறிவைக் கோதாவரி அணைக்குப் பயன்படுத்தினார். தமிழ்க் கொத்தனே அவருக்கு ஆசிரியன்!

ஆனால் கல்லணை சோழநாட்டுக்குரியது. சேலத்துச் சமவெளி அப்படியன்று. காவிரி இங்கே பள்ளத்தில் ஓடுகின்றது. நிலம் மேட்டில் கிடக்கின்றது. ஆறு கண்முன் ஓடியும் வாய்க்கு எட்டாத நிலை. சேர்வராயன் மலையில் தோன்றி ஓமலூர் வழியே எடப்பாடிப் பக்கம் வந்து காவிரியில் கலக்கும் சரபங்கா ஆறும் மழைக்காலத்து ஆறே. இத்தகைய நிலத்தில் வாழ்ந்தவன் கிணறு வெட்டிக் கவலை பூட்டினான். மழைநீரைத் தேக்க ஏரி கட்டினான். நீர்நிலை பெருக்குமாறு பாண்டியன் நெடுஞ்செழியனுக்குக் குடபுலவியனார் அறிவுறுத்தினாரே, அவ்வறிவுரை ஆற்றங்கரை அரசனைக் காட்டிலும் மேட்டுநில உழவனுக்கே மிகுதியாகப் பொருந்தும்.

எகிப்தியன் வயலையே ஏரியாக்கினான். தமிழன் ஏரியைத் தனியே வைத்து வயலைத் தனியே வைத்தான். அப்படிப் பிரித்ததனால் ஒரு சிக்கல் எழுந்தது. நீர் தேங்கும் இடத்தில்தானே வண்டல் படியும்? ஏரியில் படிந்துவிட்டால் வயலுக்கு எப்படிப் போகும்? ஏரியும் தூர்ந்து போகுமே? இவ்விரு வினாக்களுக்கும் விடையாகத் தமிழன் கண்ட பொறியே குமிழித்தூம்பு.

இளைஞர்கள் இதைச் செவ்வனே கேட்கவேண்டும். ஏரிக்கரையில் அன்று, கரையிலிருந்து தள்ளி ஏரியின் உட்பகுதியில், தரைமட்டத்தில் கல்லால் ஒரு தொட்டி அமைப்பர். அதன்மேல் இரண்டு நெடிய கற்றூண்கள் நிற்கும். தொட்டியின் மேற்புறத்தில் ஒரு துளை. அதற்குப் பொருந்தும் அடைப்பு. அத்துளைக்குப் பெயர் நீரோடி. தொட்டியின் அடிப்பக்கத்தில், ஏரியின் தரையை ஒட்டிச் சிறுதுளைகள் உண்டு. அவற்றுக்குப் பெயர் சேறோடி. தொட்டியிலிருந்து நிலத்தடியே கல்லாலான சுருங்கை கரைக்கு அடியில் சென்று வெளிவாய்க்காலில் திறக்கும். நீர் வேண்டும்போது நீர்க்கட்டி நீந்திச் சென்று அடைப்பை மேலே தூக்குவான். மேல்நீர் சுழித்துக்கொண்டு நீரோடி வழியே உள்ளே விழும். அந்த ஓட்டத்தின் இழுப்பில் அடியிலுள்ள சேறு சேறோடி வழியே கரைந்து உள்ளே வரும். இரண்டும் கலந்து கழனிக்குப் போகும். மேலே நீர் குமிழியிடுவதால் குமிழி என்று பெயர். புதுக்கோட்டை வட்டாரத்தில் இத்தகைய குமிழிக் கற்கள் கல்வெட்டுகளோடு இன்றும் நிற்கின்றன.

நீர் ஓடுவது நீரோடி. சேறு ஓடுவது சேறோடி. பள்ளி செல்லாத உழவனும் சொல்லைக் கேட்டவுடன் வேலையை அறிந்துகொள்வான். எந்தத் துளை அடைபட்டால் எது கெடும் என்பதும் சொல்லிலேயே இருக்கின்றது. 'சேறோடி' என்னும் சொல் வழக்கில் இருந்தவரை அத்துளையைத் தூர்வாரவேண்டும் என்னும் நினைவும் இருந்தது. ஆங்கிலேயர் காலப் பொதுப்பணித்துறை அதை நீக்கிவிட்டுக் கரையில் இரும்பு அடைப்புப் பலகையை வைத்து அதற்கு ஒரு பிறமொழிப் பெயரையும் வைத்தது. சொல் போயிற்று; துளை போயிற்று; ஏரி தூர்ந்தது. சொற்களைக் காப்பது வெறும் புலவர் வேலை என்று நகைப்பவர்க்கு இதைவிட வேறு விடை வேண்டா.

குமிழி, தன்னைச் சூழ்ந்த சேற்றைத்தான் இழுக்கும். ஏரி முழுவதையும் தூர்வாராது. எஞ்சியதை மாந்தர் கையால் அள்ளினர். உத்தரமேரூரில் கி.பி. 919, 921 ஆம் ஆண்டுகளின் கல்வெட்டுகள் ஏரி வாரியம் என்னும் குழுவைக் குடவோலை வழியே தேர்ந்தெடுத்ததைச் சொல்கின்றன. ஏரியின் சேற்றை அள்ள ஓடம் இயக்குவதற்கென்றே அறக்கொடை வைத்த கல்வெட்டுகளும் உள்ளன. கோடையில் வற்றிய ஏரியின் வண்டலை வண்டிகட்டி அள்ளித் தோட்டத்தில் கொட்டுவது கொங்குநாட்டில் அண்மைவரை வழக்கமே. அதற்குக் 'குடிமராமத்து' என்று பெயர் வைத்தார்கள். மராமத்து அரபுச்சொல். பெயரில் பாதி அயலாரிடம் போனபோதே வேலையிலும் பாதி போயிற்றோ என்னவோ!

இனி அண்மைக்காலம். எகிப்தில் 1902 இல் ஆங்கிலேயர் அசுவானில் ஓர் அணை கட்டினர். 1960 இல் தொடங்கி 1970 இல் முடிந்த உயரணை நைலை முழுவதுமாக அடக்கிவிட்டது. வெள்ளமும் இல்லை, வற்கடமும் இல்லை, மின்னாற்றல் கிடைத்தது, ஆண்டு முழுவதும் பயிர் செய்யலாம். இவை சிறிய பயன்களல்ல. 1980களின் நீண்ட வறட்சியில் எகிப்தியரைக் காத்தது அவ்வணைதான். ஆனால் ஆண்டுக்குப் பத்துக் கோடித் தொன்னுக்கு மேல் வந்துகொண்டிருந்த வண்டல் அணைக்குப் பின்னே சிறைப்பட்டது. ஐயாயிரம் ஆண்டு எரு கேளாத நிலம் உரமூட்டைக்குக் கைநீட்டியது. உப்பு மேலேறியது, அதை வடிக்க நிலத்தடிக் குழாய்கள் இட நேர்ந்தது. கழிமுகக் கரையைக் கடல் அரித்தது. வண்டலை நம்பி வாழ்ந்த சாளை மீனும் கடலில் குறைந்தது.

காவிரிக்கு இது அதற்கு முன்பே நேர்ந்தது. 1924 இன் பெருவெள்ளம் நினைவிலிருக்கையில், 1925 இல் தொடங்கி 1934 இல் முடிந்தது மேட்டூர் அணை. நீர்மட்டம் 120 அடி. கொள்ளளவு 9,347 கோடி கன அடி. மேட்டூர் இல்லாமல் சேலத்துக்குத் தொழில் இல்லை; கிழக்குக்கரை, மேற்குக்கரை வாய்க்கால்கள் 45,000 ஏக்கருக்கு நீர் தருகின்றன; எடப்பாடிப் பக்கத்து வயல்களும் அவற்றில் அடங்கும். அணையைப் பழிக்க இங்கு எவரும் கூடவில்லை. ஆனால் அணை கட்டியவர்கள் நீரோடி வைத்தார்கள், சேறோடி வைக்கவில்லை. எண்பத்து மூன்று ஆண்டுகள் கழித்து, 2017 இல்தான், நீர் வற்றிய பகுதியில் வண்டல் அள்ளும் பணி முதன்முறையாகத் தொடங்கியது. உழவர்கள் வண்டி வண்டியாக ஏற்றிச் சென்றனர். எண்பத்து மூன்று ஆண்டின் ஆடிப்பெருக்கு அங்கே சேறாகக் கிடந்தது.

மேட்டூரின் மிகைநீரைத் திப்பம்பட்டியிலிருந்து பொறிகளால் மேலேற்றிச் சரபங்கா வடிநிலத்தின் 100 ஏரிகளை நிரப்பும் திட்டம், 565 கோடி உருபா மதிப்பில் 2020 இல் தொடங்கி, 2021 இல் திறக்கப்பட்டது. கடலுக்குப் போகும் நீர் மேட்டுநில ஏரிக்கு வருவது நல்லதே. எகிப்தியன் ஏற்றத்தின் பேரன்தான் அந்தப் பொறியும். ஆனால் அந்நீர் எந்த ஏரிக்கு வருகின்றது என்று கரைமேல் ஏறிப் பாருங்கள். வரத்துக்கால் எங்கே? அதன்மேல் வீடு நிற்கின்றது. கலிங்கு எங்கே? உடைந்து கிடக்கின்றது. மறுகால் எங்கே போகின்றது? சாய்க்கடையோடு கலக்கின்றது. சீமைக்கருவேலும் ஆகாயத்தாமரையும் நீர்ப்பரப்பை மூடிக்கிடக்கின்றன. தன் வரத்துக்காலை இழந்த ஏரி, குழாயில் நீர் ஊற்றிய தொட்டி போன்றது. மின்கட்டணம் செலுத்துகின்றவரை அதில் நீர் இருக்கும்.

ஆகவே இங்குள்ள ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் ஒரு வேலை இருக்கின்றது. எடப்பாடி, கொங்கணாபுரம், தாரமங்கலம், சங்ககிரிப் பக்கங்களில் நீர் பாய்ச்சும் வேலையைத் தலைமுறை தலைமுறையாகச் செய்த நீர்க்கட்டிகள் இன்னும் சிலர் உள்ளனர். அவர்களுக்கு அகவை எண்பதைக் கடந்துவிட்டது. எந்த ஏரிக்கு எத்தனை மடை, எந்த மடைக்கு எத்தனை வயல், எந்த ஓடை எந்த ஏரிக்கு வரத்து, எவ்விடத்தில் அது அடைபட்டது, ஒவ்வொன்றையும் எப்பெயரால் அழைத்தனர் என்பதை அவர்கள் வாய்ச்சொல்லிலேயே எழுதி வாங்குங்கள். 'சரியான' தமிழாக மாற்றி எழுதவேண்டா. அவர்கள் சொல்வதே தமிழ். எழுதியதை ஏரிக்கு ஓர் ஏடாக வைத்து, அவ்வூர்ப் பள்ளியிலும் ஊராட்சியிலும் ஒவ்வொரு படி கொடுங்கள். வரத்துக்கால் வழக்கு எழும்போது அவ்வேடு பேசும். கோடையில் ஏரி வற்றும்போது, பழந்தூம்புக் கல் எங்கேனும் நிற்குமாயின், சிறாரை அழைத்துச் சென்று அதன் அடியிலுள்ள துளைகளில் அடைந்த மண்ணைக் கையால் தோண்டி எடுக்கச் சொல்லுங்கள். அத்துளையின் பெயர் என்ன என்று அவர்கள் கேட்பார்கள்.